ஒன்பதரை மணி பாரோங்

பாலித் தீவின் தெற்குக் கரை விடுதிகளின் வாசலில் காலை எட்டு மணிக்கே கார்கள் வந்து நிற்கத் தொடங்கிவிடும். பெரும்பாலும் டொயோட்டா வண்டிகள். டாஷ்போர்டின் மேல் தென்னங்குருத்தில் பின்னிய சிறு தட்டு, அதில் நாலைந்து பூ, கொஞ்சம் அரிசி, சில நாள் ஒரு பிஸ்கட்டோ சிகரெட்டோகூட இருக்கும். கடவுளுக்கு வைத்ததுதான். வந்திருப்பது 'அரை நாள் பண்பாட்டுச் சுற்றுலா'. தனிக் கார், டிரைவரே வழிகாட்டி. ஒன்பதரைக்குள் பத்துபுலான் கிராமத்துப் பாரோங் நாடகத்துக்குப் போய்ச் சேர்ந்தாக வேண்டும். அங்கிருந்து செலுக்கில் வெள்ளி நகை, மாஸில் மரச்சிற்பம், பெடுலுவில் கோவா காஜா குகை, உபுட்டில் அரண்மனையும் சந்தையும். நேரம் மிச்சமிருந்தால் தெகலலாங் படிக்கட்டு வயல். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு விடுதிக்குத் திரும்பிவிடலாம்.

ஏதோ ஒரு டிராவல்ஸ்காரர் தன் வசதிக்குப் போட்டுக்கொண்ட வரிசை என்றுதான் இதைப் பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். உண்மையில் ஒரு கப்பல் கம்பெனி, ஒரு காலனி அரசு, சில ஐரோப்பிய ஓவியர்கள், உலக வங்கி, பாலியின் பூசாரிகள், கிராமத்துக் கலைக்குழுக்கள் என்று பல தரப்பும் ஏறக்குறைய நூறு வருடம் பேசிப் பேசி முடித்த பேரம் அது. எதைக் காட்டுவது, எந்த நேரத்தில் காட்டுவது, எதைக் கோயிலுக்குள்ளேயே பூட்டிவைப்பது என்ற பேரம்.

முதல் காட்சி ரத்தத்தில் தொடங்குகிறது. 1904 மே மாதம் ஒரு சீன வணிகருக்குச் சொந்தமான 'ஸ்ரீ குமலா' என்ற பாய்மரக் கப்பல் சனூர் கரையில் தரைதட்டியது. கரையோர மக்கள் கப்பலைக் கொள்ளையடித்தார்கள் என்று புகார் எழுந்தது. கப்பலில் பறந்தது டச்சுக் கொடி. ஆகவே டச்சு அரசு பதுங் நாட்டு ராஜாவிடம் நஷ்ட ஈடு கேட்டது. ராஜா மறுத்தார். 1906 செப்டம்பரில் அதே சனூர் கரையில் டச்சுப் படை இறங்கி டென்பசாருக்கு நடந்தது. செப்டம்பர் 20ஆம் தேதி அரண்மனைக் கதவு திறந்தது. ராஜா, ராணிகள், குழந்தைகள், பூசாரிகள், பணியாட்கள் எல்லோரும் வெள்ளை உடுத்தி, நகை பூட்டி, கையில் கிரிஸ் கத்தியோடு துப்பாக்கிகளை நோக்கி நேராக நடந்துவந்தார்கள். சுடப்பட்டுச் செத்தவர்கள் பாதி, தங்களையும் தங்கள் குழந்தைகளையும் குத்திக்கொண்டு செத்தவர்கள் மீதி. பாலி மொழியில் இதற்குப் 'புபுத்தான்' என்று பெயர். 1908 ஏப்ரலில் குளுங்குங் அரண்மனையிலும் இதே நடந்தது. அத்தோடு தீவு முழுவதும் டச்சுக்காரர் கைக்கு வந்தது.

செய்தி ஐரோப்பாவுக்குப் போனதும் டச்சு அரசுக்குத் தலைகுனிவு. அதற்குப் பரிகாரமாகத்தானோ என்னவோ, 'பாலிப் பண்பாட்டைப் பாதுகாக்கிறோம்' என்ற கொள்கையை அது கையில் எடுத்தது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் பாலி உடையில்தான் வர வேண்டும், பாலி நடனம், சிற்பம் எல்லாம் கற்க வேண்டும் என்றார்கள். தீவையே ஓர் உயிருள்ள அருங்காட்சியகமாக வைத்திருக்க ஆசை. அருங்காட்சியகம் என்று ஒன்று இருந்தால் பார்க்க ஆள் வர வேண்டுமே.

ஆளைக் கொண்டுவந்தது கே.பி.எம். என்ற டச்சு நீராவிக் கப்பல் கம்பெனி. பயணிகளை ஏற்றத் தொடங்கும் முன்பே அந்தக் கம்பெனியின் கப்பல்கள் வட பாலியின் சிங்கராஜா துறைமுகத்துக்கு வந்துபோய்க்கொண்டிருந்தன, கொப்பரைக்காகவும் பன்றிக்காகவும். சிங்கப்பூருக்குப் பாலிப் பன்றிகளை ஏற்றிப்போன கப்பலுக்குப் 'பன்றி எக்ஸ்பிரஸ்' என்றே பட்டப்பெயர் இருந்தது. காலனித் தலைநகரான பத்தாவியாவில் 1908இல் திறந்த அரசுச் சுற்றுலா அலுவலகம் 1914 வாக்கில் பாலியைத் தன் விளம்பரங்களில் சேர்த்தது. 1924இல் கே.பி.எம். வாராந்தரப் பயணிகள் சேவை தொடங்கியது. அந்த வருடம் பதிவான சுற்றுலாப் பயணிகள் 213 பேர். 1929இல் 1,428 பேர். 1928இல் கம்பெனி டென்பசாரில் 'பாலி ஹோட்டல்' கட்டியது. இருபத்திரண்டு வருடங்களுக்கு முன் ராஜகுடும்பம் விழுந்து செத்த இடத்துக்குப் பக்கத்திலேயேதான். சார்லி சாப்ளின் 1932இல் வந்தபோது தங்கியது அங்கேதான். விடுதி இன்றும் இருக்கிறது. புபுத்தான் நடந்த இடம் இப்போது திறந்த மைதானம். அதன் ஓரத்தில் 1932இல் திறந்த பாலி அருங்காட்சியகம்.

கப்பலில் வருகிறவர்களுக்குக் கிடைத்தது இரண்டு மூன்று நாள். அதற்குள் தீவைச் 'செய்து முடிக்க' வேண்டும். ஆகவே காரும், சாலையும், நேரக் கணக்கும் ஆரம்பத்திலிருந்தே இந்தத் தொழிலின் உயிர்நாடி. சிங்கராஜாவில் இறங்கி, மலையேறி, கின்தாமணியில் எரிமலை பார்த்துவிட்டுத் தெற்கே டென்பசாருக்கு இறங்குவது அன்றைய தடம். அந்த மலைச்சாலையின் அழகைப் புகழாத பயணக் குறிப்பு அரிது. கிராமத்து ஆட்களைக் கூலியில்லாக் கட்டாய வேலைக்கு இழுத்துப் போட்ட சாலைகள் அவை என்பதை எழுதியவர்கள்தான் அரிது.

கார்த் தொழிலுக்கும் அப்போதே போட்டி உண்டு. சிங்கராஜாவில் மினாஸ் என்ற ஆர்மீனியர் கார்களும் சினிமாக் கொட்டகையும் வைத்திருந்தார். மா பாத்திமா என்ற பாலிப் பெண்மணி கப்பல் வந்ததும் துறைமுகத்துக்கே போய்ப் பயணிகளைப் பிடிப்பார். காரும் தருவார், வெள்ளிச் சாமானும் துணியும் விற்பார். ஆந்த்ரே ரூஸ்வெல்ட் என்ற அமெரிக்கர் பெரிய பயணக் கம்பெனிகளின் ஆளாக வந்து இறங்கி, படம் எடுக்கிறவராக மாறி, 1932இல் 'கூனா கூனா' என்ற திரைப்படத்தோடு பாலி மோகத்தை நியூயார்க்குக்குக் கொண்டுபோனார்.

இந்தத் தடத்தில் வந்த எல்லோரும் கேமராவோடு வந்த வெள்ளைக்காரர்கள் அல்ல. 1927இல் ரவீந்திரநாத் தாகூர் மொழியியல் அறிஞர் சுனிதி குமார் சட்டர்ஜி முதலானோரோடு பாலிக்கு வந்தார். ஒரு நாள் கரங்காசெம் ராஜாவோடு ஒரே காரில் போக வேண்டியிருந்தது. அவர் மொழி இவருக்குத் தெரியாது, இவர் மொழி அவருக்குத் தெரியாது. நெடுநேரம் இருவரும் பேசாமல் இருந்தார்கள். மரங்களுக்கிடையே கடல் தெரிந்ததும் ராஜா 'சமுத்ர' என்றார். தாகூரின் முகம் மலர்ந்ததைப் பார்த்துக் கடலுக்கு உரிய மற்ற சம்ஸ்கிருதப் பெயர்கள், மலைகள், பிறகு கங்கை, யமுனை என்று ஒவ்வொன்றாகச் சொல்லத் தொடங்கிவிட்டார். தாகூர் இதைத் தம் பயணக் கடிதங்களில் எழுதியிருக்கிறார். தனிக் கார்ப் பயணத்தின் வரலாற்றில் இதைவிடச் சிறந்த வழிகாட்டி உரை இருந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

அதே 1927இல் வால்டர் ஸ்பீஸ் என்ற ஜெர்மானிய ஓவியர் உபுட்டுக்குக் குடிவந்தார். உபுட்டின் பிரபு குடும்பத்தைச் சேர்ந்த சுகவதி சகோதரர்கள் அவருக்கு இடம் கொடுத்தார்கள். பாலிக்கு வரும் பெரிய மனிதர்களெல்லாம் அவர் வீட்டு வாசலை மிதித்தார்கள். எந்தக் கிராமத்தில் எந்த நடனக் குழு நன்றாக ஆடும் என்பது அவருக்கு அத்துப்படி. சாங்யாங் என்ற சாமியாட்டச் சடங்கில் ஆண்கள் வட்டமாக உட்கார்ந்து 'சக் சக்' என்று எழுப்பும் ஓசையைப் பிரித்தெடுத்து, ராமாயணக் கதையோடு சேர்த்துக் 'கெச்சக்' நடனம் உருவானது 1930களில். பெடுலு கிராமத்தின் நடனக் கலைஞர் வாயான் லிம்பக்குக்கும் ஸ்பீஸுக்கும் அதில் பங்கு உண்டு. இன்று பாலியின் பழமையான சடங்கு என்று பயணிகள் மெய்சிலிர்க்கும் அந்த ஆட்டத்துக்கு வயது நூறுகூட ஆகவில்லை.

பாரோங் விஷயம் இதைவிடச் சிக்கலானது. பாரோங் பழையதுதான். சிங்கமும் யாளியும் கலந்தது போன்ற பெரிய உருவம், உள்ளே இரண்டு ஆட்கள். கிராமத்தைக் காக்கும் சக்தி அது. அதன் எதிரி ரங்டா, நாக்கு நீண்ட சூனியக்காரி. இருவரும் மோதுகிற ஆட்டம் இரவில், பெரும்பாலும் சுடுகாட்டை ஒட்டிய கோயில் பக்கம் நடக்கும். சாமி வந்த ஆட்கள் கிரிஸ் கத்தியால் தங்கள் நெஞ்சிலேயே குத்திக்கொள்வார்கள், கத்தி இறங்காது. இப்படிப்பட்ட ஒன்று காலை ஒன்பதரை மணிக்கு எப்படி வந்தது?

பத்துபுலானைச் சேர்ந்த பகுத்தான் என்ற ஊரின் பெயர் இங்கே வருகிறது. 1937இல் மானிடவியலாளர்கள் மார்கரெட் மீடும் கிரெகரி பேட்சனும் பணம் கொடுத்து அங்கே இந்த ஆட்டத்தை ஏற்பாடு செய்து படம் பிடித்தார்கள். அன்றைய கேமராவுக்கு வெளிச்சம் வேண்டும். இரவு ஆட்டம் பகலுக்கு வந்தது. கத்தியாட்டத்தில் இளம்பெண்களும் ஆடினார்கள். கூலி கொடுப்பவர்களைத் திருப்திப்படுத்தக் குழு செய்த மாற்றம் அது. 'பாலியில் மயக்கமும் நடனமும்' என்ற அந்தப் படம் பல்கலைக்கழக வகுப்பறைகளில் பல தலைமுறை மாணவர்களுக்கு அசல் பாலியாகக் காட்டப்பட்டது. பயணிகளுக்காகச் சுருக்கிய பகல் பாரோங்கும் அந்த 1930களில், அதே வட்டாரத்தில்தான் வேர்விட்டது. ஆய்வாளருக்கும் சுற்றுலாப் பயணிக்கும் நடுவே கோடு அவ்வளவு மெல்லியது.

இன்று பத்துபுலானில் நடக்கும் நாடகத்தின் கதையைக் கேட்டால் தமிழ்நாட்டிலிருந்து போகிறவர் கொஞ்சம் திடுக்கிடுவார். குந்தி தேவி சகாதேவனை ரங்டாவுக்குப் பலி கொடுப்பதாக வாக்குக் கொடுத்துவிடுகிறாள். பிள்ளையைக் கொடுக்க மனம் வராமல் தவிக்கிறாள். துர்சக்தி அவளுக்குள் புகுந்து அவளை மாற்றுகிறது. மரத்தில் கட்டிய சகாதேவனுக்குச் சிவன் தோன்றிச் சாகாவரம் தருகிறார். கொல்ல வந்த ரங்டா தோற்று, என்னைக் கொன்று விடுதலை கொடு என்று அவனிடமே கேட்கிறாள். வியாச பாரதத்தில் இதைத் தேடினால் கிடைக்காது. சகாதேவனை நாயகனாக்கியது ஜாவாவும் பாலியும். நடுநடுவே குரங்கும் கோமாளிகளும் வந்து பச்சையாகப் பேசிச் சிரிக்க வைப்பார்கள். கதைச் சுருக்கம் பல மொழிகளில் அச்சிட்டுக் கையில் கொடுக்கப்படும். ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் எல்லாம் முடிந்துவிடும். கிராமத்தில் ஆடினால் விடியும்வரை போகும்.

இரண்டாம் உலகப் போர் வந்தது. பகை நாட்டவராகக் கைதான ஸ்பீஸ் 1942இல் நாடுகடத்தும் கப்பலோடு மூழ்கினார். இந்தோனேசியச் சுதந்திரத்துக்குப் பிறகு, தாய் வழியில் பாலிக்காரரான அதிபர் சுகர்ணோ வெளிநாட்டுத் தலைவர்களைத் தீவுக்கு அழைத்துவந்து பெருமையாகக் காட்டினார். நேரு 1950இல் வந்தார். 962ஆம் ஆண்டைச் சேர்ந்த தீர்த்தா எம்புல் புனிதக் குளத்துக்கு மேலே, தம்பக்சிரிங் குன்றில் சுகர்ணோ மாளிகை கட்டினார். 1963இல் ஆகுங் எரிமலை வெடித்தது. 1965இன் இறுதியிலும் 66இன் தொடக்கத்திலும் கம்யூனிஸ்டுகள் என்று குற்றம் சாட்டிப் பாலியில் மட்டும் சுமார் 80,000 பேரைக் கொன்றார்கள் என்பது ஆய்வாளர்களின் மதிப்பீடு. அந்த வருடமே, 1966 நவம்பரில், ஜப்பானின் போர் நஷ்டஈட்டுப் பணத்தில் கட்டிய பத்து மாடி 'பாலி பீச் ஹோட்டல்' சனூரில் திறந்தது. சுற்றுலா வரலாறுகள் இந்த இரண்டு செய்திகளையும் ஒரே பக்கத்தில் எழுதுவதில்லை. அந்தக் கட்டடம் கண்ணை உறுத்தியதால்தான் 15 மீட்டருக்கு மேல், அதாவது தென்னை உயரத்துக்கு மேல், கட்டக்கூடாது என்ற விதி பிறகு வந்தது.

இப்போது நாம் காணும் அரை நாள் தடம் காகிதத்தில் உருப்பெற்றது 1971இல். விமான நிலையம் 1969இல் ஜெட் விமானங்களுக்குத் திறந்திருந்தது. உலக வங்கி மேற்பார்வையில் 'செத்தோ' என்ற பிரெஞ்சு ஆலோசனை நிறுவனம் பாலிக்கு ஒரு திட்டம் தீட்டியது. அதன் கணக்கு எளிமையானது: வெளிநாட்டார் தெற்கே நூசா துவா என்ற வறண்ட முனையில் தங்கட்டும், வயலும் கோயிலும் நிறைந்த உள்நாட்டுக்குக் குறிப்பிட்ட சாலைகள் வழியாகப் பகலில் மட்டும் போய், பார்த்துவிட்டு, இரவுக்குள் திரும்பட்டும். பயணியிடமிருந்து பண்பாட்டைக் காப்பாற்றவும், அதே பண்பாட்டைப் பயணிக்கு விற்கவும் ஒரே ஏற்பாடு. நூசா துவாவின் முதல் பெரிய விடுதி 1983இல்தான் திறந்தது. ஆனால் தடம் அதற்கு முன்பே ஓடத் தொடங்கிவிட்டது. 

திட்டத்தைப் போட்டபோது பாலிக்காரர்களைக் கேட்கவில்லை. அவர்கள் தங்கள் பங்குக்கு அந்த வருடமே கூடிப் பேசினார்கள். சுற்றுலா வேண்டுமானால் அது 'பண்பாட்டுச் சுற்றுலா'வாகத்தான் இருக்க வேண்டும் என்று முடிவெடுத்தார்கள். நடனங்களுக்கென்று தனிக் கருத்தரங்கு நடந்தது. கோயிலின் உட்பிராகாரத்துக்கே உரியது 'வாலி'. சடங்கோடு ஒட்டி நடு முற்றத்தில் ஆடுவது 'பெபாலி'. பொழுதுபோக்குக்கு எங்கும் ஆடத் தக்கது 'பாலி-பாலிஹான்'. மூன்றாக வகுத்து, மூன்றாவதை மட்டும் விற்கலாம் என்றார்கள். இந்த மூன்று வகையும் 2015இல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறின.

வகுப்பது சுலபம், அமல்படுத்துவது கடினம் என்பதற்கு வரவேற்பு நடனமே சாட்சி. கோயிலில் சாமியை வரவேற்று ஆடும் பெண்டெட் நடனத்தை விருந்தாளிகளுக்கும் ஆடத் தொடங்கியிருந்தார்கள். சாமிக்கு உரியதைச் சுற்றுலாக்காரனுக்கா என்று பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். டென்பசார் இசைப்பள்ளியின் இ வாயான் பெராத்தா 1970களின் தொடக்கத்தில் பெண்டெட்டின் சாயலில் 'பன்யெம்பிராமா' என்ற புது நடனம் அமைத்துக் கொடுத்தார். இது விருந்தாளிக்கு, அது சாமிக்கு. விஷயம் முடிந்தது என்று நினைத்தார்கள். கொஞ்ச காலத்தில் பள்ளியில் பன்யெம்பிராமா கற்ற பெண்கள் தங்கள் ஊர்த் திருவிழாவில் கோயிலிலும் அதையே ஆடத் தொடங்கினார்கள்! நன்றாக இருக்கிறதே, சாமிக்கும் காட்டுவோமே என்பது அவர்கள் நியாயம். பயணிக்கென்று செய்த பண்டம் கடவுளிடம் போய்ச் சேர்ந்துவிட்டது.

பாரோங்கிலும் இந்த எல்லைக்கோடு நிலையாக இல்லை. பொதுவாகக் கோயிலில் இருக்கும் பாரோங் முகமூடி வேறு, பயணிகள் முன் ஆடுவது வேறு. இரண்டாவதற்குச் சக்தி ஏற்றியிருக்க மாட்டார்கள். இருந்தும் காலை ஆட்டத்துக்கு முன்னும் பூசாரி பூ வைத்துத் தீர்த்தம் தெளிப்பார். வெறும் நடிப்புக்கு எதற்குத் தீர்த்தம்? முகமூடியை விளையாட்டாகத் தொட ஆடுகிறவருக்கே பயம். ஆகவே இந்த ஒரு மணி நேர ஆட்டத்தைப் 'போலி' என்று ஒரே வார்த்தையில் ஒதுக்குகிற பயண எழுத்தாளர்களோடு ஒத்துப்போக முடியவில்லை. டிக்கெட் பணத்தில் ஊர்க் கோயிலுக்குக் கூரை வேய்ந்தார்கள், கம்லான் வாத்தியங்களுக்கு மெருகு போட்டார்கள். கோயில் ஆட்டம் நின்றுபோகவும் இல்லை.

சாலையில் அடுத்து வரும் கிராமங்களும் இதே பேரத்தின் பிள்ளைகள்தான். செலுக்கின் பொற்கொல்லர்கள் அரண்மனைக்கும் பூசாரிகளுக்கும் வேலை செய்தவர்கள். 1970களுக்குப் பிறகு வாசல் தோறும் வெள்ளிக் கடை. மாஸ், பத்துவான் கலைஞர்கள் 1930களிலேயே அயலார் ரசனையைப் படித்துவிட்டார்கள். மீடும் பேட்சனும் மட்டுமே ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஓவியங்களை வாங்கினார்கள். ஸ்பீஸ், ஓவியர் ருடால்ஃப் பொனெ, உபுட் பிரபு சுகவதி, முதிய சிற்பி லெம்பாத் சேர்ந்து 1936இல் 'பித்தா மகா' என்ற சங்கம் தொடங்கியதே மட்டமான நினைவுப் பொருள்கள் பெருகுவதைத் தடுக்கத்தான். தடுத்தார்களா என்பதை உபுட் சந்தையைப் பார்த்துவிட்டுச் சொல்லலாம். எந்தக் கடையில் கார் நிற்கிறதோ அங்கே டிரைவருக்குக் கமிஷன் உண்டு என்பதும் ஊரறிந்த கதை.

கோவா காஜாவில் பயணி இடுப்பில் சரோங் சுற்றிக்கொண்டு, பெரிய அரக்க முகத்தின் வாய் வழியாகக் குகைக்குள் நுழைகிறார். உள்ளே ஒரு பக்கம் பிள்ளையார், மறுபக்கம் மூன்று லிங்கம். ஆயிரம் வருடமாக இங்கே மணி அடித்துக்கொண்டே இருந்திருக்கும் என்று தோன்றும். ஆனால் டச்சு அதிகாரிகளின் கண்ணில் இது பட்டதே 1923இல்தான். வாசலுக்கு முன்னால் பெண் சிலைகள் நீர் வார்க்கும் குளம் மண்ணுக்கடியிலிருந்து வெளியே வந்தது 1954இல். சுற்றுலா தொடங்கி முப்பது வருடம் கழித்து.

காருக்கும் பூசை உண்டு. 210 நாளுக்கு ஒருமுறை தும்பெக் லண்டெப் என்ற நாள் வரும். கிரிஸ், ஈட்டி போன்ற இரும்பு ஆயுதங்களுக்குரிய நாள் அது. ஈட்டி இல்லாத காலத்தில் ஸ்கூட்டரும் சுற்றுலா வண்டியும் தென்னோலைத் தோரணம் கட்டிக்கொண்டு நிற்கின்றன. நம் ஆயுத பூசையன்று ஆட்டோ ஸ்டாண்டைப் பார்த்தவருக்கு விளக்கம் தேவைப்படாது.

2002 அக்டோபர் 12 இரவு தெற்குக் கரையிலுள்ள குத்தாவில் குண்டு வெடித்து 202 பேர் இறந்தார்கள். பயணிகள் நின்றார்கள், பிறகு வந்தார்கள். 2019இல் நேரடியாகத் தீவுக்கு வந்த வெளிநாட்டார் 62 லட்சத்துக்கும் மேல். பெருந்தொற்றுக் காலத்தில், 2021 முழுவதும், அரசுக் கணக்கில் 51 பேர். காரைத் தவணையில் வாங்கிய டிரைவர்கள் கடலில் பாசி வளர்க்கவும் வயலுக்கும் திரும்பினார்கள். 2023இல் வந்தவர்களில் ஆஸ்திரேலியர்களுக்கு அடுத்த இடம் இந்தியர்களுக்கு. 2024 பிப்ரவரியிலிருந்து ஒவ்வொரு வெளிநாட்டவரும் 1,50,000 ரூபியா வரி கட்டி உள்ளே வர வேண்டும்.

குத்தாவிலிருந்து உபுட் 35 கிலோமீட்டர்தான், ஆனால் நெரிசலில் இரண்டு மணி நேரம்கூட ஆகிறது. அரை நாளில் இரண்டு கிராமங்களை விட்டுவிடச் சொல்கிறார்கள் டிரைவர்கள். அவர்களுடைய பெரிய கவலை வேறு. செயலி வழியாக வரும் டாக்சிகளும், மற்ற தீவுகளிலிருந்து வண்டியோடு வந்துவிடும் ஆட்களும் தங்கள் பிழைப்பைத் தின்கிறார்கள் என்று 2025 ஜனவரியில் டென்பசாரில் கூட்டம் கூட்டமாக ஊர்வலம் போனார்கள். பயணிகளை ஏற்றும் வண்டிக்குப் பாலிப் பதிவு எண் வேண்டும், ஓட்டுகிறவருக்குப் பாலி அடையாள அட்டை வேண்டும், குறைந்தபட்சக் கட்டணத்தை அரசு நிர்ணயிக்க வேண்டும் என்பவை அவர்களுடைய கோரிக்கைகளில் முக்கியமானவை.